மயன் வழியில் வந்தவர்: ஆய்கன் ஷுஃப்டான் சரித்திரம்

பாரதக் கதை கேட்டார் யாவரும் மயன் சமைத்த மண்டபத்தை அறிவர். பளிங்குத் தரையை நீரென்று மயங்கித் துரியோதனன் ஆடையை உயர்த்தியதும், நீரைத் தரையென்று எண்ணிக் கால்வைத்து வீழ்ந்ததும், அதுகண்டு எழுந்த நகையும், அந்நகை வளர்த்த பகையும் நம் வீட்டுச் சிறுவருக்கும் மனப்பாடம். ஆனால் அம்மண்டபத்தைச் சமைத்தவன் எங்கிருந்து வந்தான், யாது காரணத்தாற் சமைத்தான் என்று வினாவுவார் மிகச் சிலரே. காண்டவ வனம் பற்றி எரிந்தபோது உயிர்பிழைக்க ஓடிவந்து அருச்சுனனிடம் அடைக்கலம் புகுந்தவன் மயன். அடைக்கலம் தந்தார்க்கு நன்றியாகத் தன் கைத்தொழிலையே காணிக்கையாக அளித்தான். காட்சியில் மயங்குவார் பலர். காட்சியை ஆக்கினவனை நினைப்பார் அரியர். இவ்வுண்மைக்கு இக்காலத்துச் சான்றாக விளங்கிய ஒருவரின் சரித்திரத்தை நம் சங்கத்து அன்பர்களுக்கு இம்மாதம் எடுத்துரைக்கக் கருதினோம்.

அவர் பெயர் ஆய்கன் ஷுஃப்டான். ஜெர்மனி தேசத்தில் அந்நாளில் பிரெஸ்லாவ் என வழங்கிய நகரத்திற் பிறந்தவர். இரண்டாம் உலக யுத்தத்தின் பின்னர் அந்நகரம் போலந்து தேசத்தைச் சேர்ந்து விரோட்ஸ்வாவ் என்று பெயர் பெற்றது. பிறந்த ஊரே பெயர் மாறித் தேசம் மாறிய இவருக்குச் சொந்தப் பெயரும் பலகாலம் கைக்கெட்டாது நின்றதென்பதை இச்சரித்திரத்தின் பிற்பகுதியிற் காண்போம். இவர் யூதக் குலத்தினர். முதலில் ஓவியம் பயின்றவர். ஓவியக் கண்ணுடனே சலனப்படத் தொழிலிற் புகுந்தமையால், ஏனையோர் கருவியைக் கண்ட இடத்தில் இவர் காட்சியைக் கண்டார்.

அக்காலத்துப் பட முதலாளிகளுக்கு ஒரு பெருந் தொல்லை இருந்தது. கதையில் மாடமாளிகை வேண்டும். வானளாவும் கோபுரம் வேண்டும். உண்மையிற் கட்டினாலோ பொருள் போதாது. அட்டையாலும் சுண்ணச் சாந்தாலும் சிறு மாதிரி செய்து படம் பிடித்தாலோ அதனுள் மனிதன் நடமாட இயலாது. மாதிரியைத் தனியாகவும் மனிதரைத் தனியாகவும் பிடித்துப் பின்னர் ஒன்றாக்கலாமெனின், அந்நாளைய முறைகளில் இரண்டும் இசையாமல் இணைப்பு வெளிப்பட்டுவிடும். படச்சுருளை மறுபடி படியெடுப்பதனால் தெளிவும் குன்றும். பெரிய கட்டடமும் நடமாடும் மனிதரும் ஒரே வேளையில் ஒரே படச்சுருளில் விழவேண்டும், செலவும் குறையவேண்டும். இதற்கு 1920-களின் முற்பகுதியில் ஷுஃப்டான் கண்ட உபாயம் ஒரு முகம்பார்க்கும் கண்ணாடியே என்றால் நம்புதற்கு அரிதாகத் தோன்றும்.

அவ்வுபாயம் யாதெனின்: காமிராவுக்கு எதிரே சிறிது தூரத்தில் ஒரு கண்ணாடியை நேராக வையாது, நாற்பத்தைந்து பாகைச் சாய்வில் நிறுத்தவேண்டும். பக்கவாட்டில், அக்கண்ணாடியிற் பிரதிபலிக்குமாறு, மூன்று நான்கடி உயரமுள்ள மாளிகையின் மாதிரியை வைக்கவேண்டும். இப்பொழுது காமிராவின் வழியே நோக்குவோர்க்கு மாதிரி, எதிரே நேராக நிற்கும் பெருமாளிகை போலத் தோன்றும். பின்னர், நடிகர் எவ்விடத்தில் தோன்றவேண்டுமோ அவ்விடத்தைக் கண்ணாடியின்மேல் வரைந்துகொண்டு, அவ்வளவில் மட்டும் பின்புறத்து ரசப்பூச்சைச் சுரண்டி நீக்கவேண்டும். ரசம் நீங்கிய இடம் வெறும் பளிங்காய்ச் சன்னல் போலாகும். அச்சன்னலின் வழியே, கண்ணாடிக்குப் பின்னே நெடுந்தூரத்தில் நிற்கும் நடிகரும், அவர்களைச் சுற்றி உண்மையிற் கட்டிய சிறு சுவரும் வாயிலும் தெரியும். ரசமுள்ள இடத்திற் பொய் மாளிகை. ரசமற்ற இடத்தில் மெய் மனிதர். இரண்டும் ஒரு கணத்தில் ஒரே படத்தில் விழும். தூரத்து மனிதர் சிறுத்துத் தோன்றுதலால், அருகிலுள்ள சிறு மாதிரி அவர்க்கு ஏற்ற பெருங்கட்டடமாய் அமையும்.

சொல்லுதற்கு எளிது, செய்தற்கு அரிது. கண்ணாடியில் இடம் வலமாகவும் வலம் இடமாகவும் மாறித் தோன்றுமாதலின், மாதிரியை அதற்கேற்ப மாற்றிச் செய்யவேண்டும். அருகிலுள்ள மாதிரியும் தூரத்திலுள்ள மனிதரும் ஒருங்கே தெளிவாக விழுதற்குக் காமிராவின் கண்ணைச் சுருக்கி, மிகுந்த விளக்கொளியைப் பாய்ச்சவேண்டும். இரண்டிடத்தும் ஒளியின் திசை ஒன்றாயிருக்கவேண்டும். காமிராவோ கண்ணாடியோ ஒரு நூலளவு அசையினும் கோபுரம் சுவரைவிட்டு விலகி நிற்கும். நடிகன் சன்னலின் எல்லையைக் கடந்து ஓரடி வைத்தால் அவன் தலை கோபுரத்துள் மறைந்துபோம். இத்தனையும் பொருந்துமாயின் பார்ப்பவன் ஒன்றும் அறியான். அறியாமையே இத்தொழிலின் வெற்றி; அவ்வறியாமையே தொழிலாளன் மறக்கப்படுதற்கும் காரணம்.

நாம் கற்பிக்கும் பள்ளியில் ஒளிப் பிரதிபலிப்பைப் பற்றிப் பாடம் வந்த ஒரு நாள், உடைந்த பழங் கண்ணாடி ஒன்றன் ரசத்தைப் பிளேடினாற் சுரண்டி, மாணவருள் ஒருவன் கொணர்ந்த நவராத்திரிக் கொலுக் கோபுரத்தைப் பக்கத்தில் வைத்து, மற்றொருவனை மைதானத்தின் கோடியில் நிறுத்தி இதனைச் சோதித்துப் பார்த்தோம். ஒற்றைக் கண்ணை மூடி நோக்கிய பிள்ளைகள் ஒவ்வொருவராய், "ஐயா, அவன் கோபுர வாசலில் நிற்கிறான்!" என்று கூவினர். அவன் நின்றதோ வேப்பமரத்தடி. இவ்வளவு எளிய பொருள்களால் இவ்வளவு பெரிய மயக்கமோ என்று நாமும் வியந்தோம். இதனைக் கண்டுபிடித்தவர் யார் என்று ஒரு மாணவன் கேட்டான். அக்கேள்வியே இக்கட்டுரைக்கு வித்து.

ஷுஃப்டானின் முறை உலகறிய விளங்கியது ஃபிரிட்ஸ் லாங் என்னும் டைரக்டர் இயற்றிய ‘மெட்ரோபோலிஸ்’ என்னும் ஊமைப் படத்தில். பெர்லின் நகரை அடுத்த பாபெல்ஸ்பெர்க் என்னுமிடத்தில் ஊஃபா என்னும் கம்பெனியார் 1925-ம் வருஷம் மே மாதம் தொடங்கி 1926-ம் வருஷம் அக்டோபர் வரையில் இதனைப் பிடித்தனர். செலவு 50 லட்சம் மார்க்குக்கு மேலாயிற்று. வருங்காலத்துப் பெருநகரம் ஒன்றில், செல்வர் மேலே மாடங்களிலும் உழைப்பாளர் கீழே நிலவறைகளிலும் வாழும் கதை அது. செல்வர் மக்கள் ஓட்டப்பந்தயம் ஆடும் மைதானக் காட்சியில், ஓடுவோரும் அவரையொட்டிய சுவரின் கீழ்ப்பகுதியும் மெய். அதன்மேல் வானளாவி நிற்பன யாவும் கண்ணாடியிற் கண்ட மாதிரி. 1927-ம் வருஷம் ஜனவரி 10-ந் தேதி பெர்லினில் இப்படம் முதன்முதல் காட்டப்பெற்றது. வரவுக்கு மிஞ்சிய செலவால் கம்பெனி இடருற்றதாயினும், படத்தின் காட்சிகள் தேசந்தோறும் பேசப்பட்டன.

கண்ணாடி முறையும் தேசம் கடந்தது. இங்கிலாந்தில் 1929-ம் வருஷம் ஆல்பிரட் ஹிட்ச்காக் ‘பிளாக்மெயில்’ என்னும் படத்தை எடுத்தார். இறுதியிற் குற்றவாளியைத் துரத்தும் காட்சி லண்டன் நகரத்துப் பிரிட்டிஷ் மியூசியத்தினுள் நிகழவேண்டும். அவ்விடத்திலோ சலனப்படம் பிடிக்கத்தக்க வெளிச்சம் இல்லை. ஆதலின் உள்ளிடங்களை அரைமணி நேரம் ஒளியேற்றி அசையாப் படங்களாகப் பிடித்து, அவற்றைப் பெரிதாக்கிப் பின்னிருந்து விளக்கிட்டு, கண்ணாடியிற் பிரதிபலிக்கச் செய்து, நடிகர் தோன்றும் இடத்தில் ரசத்தை நீக்கிக் காட்சியை முடித்தனர். இவ்வுபாயத்தை அறியாத முதலாளிகள் தடுப்பரோ என்றஞ்சி அவர்க்குத் தெரிவியாமலே செய்ததாக ஹிட்ச்காக் பிற்காலத்திற் கூறியுள்ளார். மியூசியத்துள் ஓடாத நடிகர் மியூசியத்துள் ஓடினர், உலகம் நம்பியது. ஷுஃப்டானின் பெயர் இவ்வாறு ஒரு முறையின் பெயராயிற்று. இன்றளவும் ஒளிப்பதிவு கற்போர் அம்முறையை அவர் பெயராலேயே குறிப்பர்.

தம் உபாயத்தோடு நின்றுவிடாமல், ஷுஃப்டான் தாமே ஒளிப்பதிவாளராகவும் தொழில் நடத்தலானார். 1930-ம் வருஷம் பெர்லினில் வெளிவந்த ‘ஞாயிற்றுக்கிழமை மனிதர்’ என்னும் படம் இவர் கைவண்ணம். அதிற் கண்ணாடியும் இல்லை, மாதிரியும் இல்லை. தொழில்முறை நடிகரும் இல்லை. சாதாரண நகரவாசிகள் சிலர் விடுமுறை நாளில் ஏரிக்கரைக்குச் சென்று திரும்புவதே கதை. அதனை ஆக்கிய இளைஞர் கூட்டத்தில் ராபர்ட் சியோட்மாக், எட்கர் உல்மர், பில்லி ஒயில்டர் ஆகியோர் இருந்தனர். பிரெட் ஜின்னமன் என்னும் இளைஞர் காமிராப் பணியில் ஷுஃப்டானுக்கு உதவியாக இருந்தார். இந்நால்வரும் பின்னாளில் அமெரிக்காவில் டைரக்டர்களாயினர். அக்கூட்டத்துள் அனுபவம் மிக்க மூத்தவர் ஷுஃப்டானே. பொய்யை மெய்யாக்க வல்லவர், மெய்யை மெய்யாகவே காட்டவும் வல்லவர் என்பதற்கு இப்படம் சான்று.

1933-ம் வருஷத்தில் ஹிட்லர் ஆட்சி வந்தது. யூதராகப் பிறந்த ஒரே காரணத்தால் கலைஞரும் புலவரும் மருத்துவரும் தொழில் இழந்து தேசத்தை விட்டு ஓடினர். ஷுஃப்டானும் பிரான்ஸ் தேசம் புகுந்தார். அங்கே அவர்க்கு வேலை கிடைத்தது, மதிப்பும் கிடைத்தது. 1938-ம் வருஷத்தில் மார்சல் கார்னே இயற்றிய ‘மூடுபனித் துறைமுகம்’ என்னும் படத்தில், படையை விட்டோடிய ஒரு போர்வீரன் துறைமுக நகரொன்றிற் புகலிடம் தேடி அலைகிறான். பனிபடர்ந்த தெருவும் ஈரத்தரையில் மின்னும் விளக்கும் ஷுஃப்டானின் ஒளிப்பதிவாற் பெருமை பெற்றன. நாடிழந்த ஒருவர் கண்ணன்றி வேறு எக்கண் அப்பனியை அவ்வாறு கண்டிருக்கும் என்று நமக்குத் தோன்றுகிறது. ஆன்றி அலெகான் என்னும் பிரெஞ்சு இளைஞர் இவரிடம் உதவியாளராயிருந்து ஒளியின் நுட்பங் கற்றுப் பின்னர்ப் பெரும் ஒளிப்பதிவாளராய் விளங்கினார். சென்ற இடத்திலெல்லாம் கற்பித்தவர் இவர்.

1940-ம் வருஷத்தில் ஜெர்மன் படை பாரிஸ் நகரைக் கைப்பற்றியது. இரண்டாம் முறையும் ஓட நேர்ந்தது. 1941-ம் வருஷத்தில் ஷுஃப்டான் அமெரிக்காவை அடைந்தார். தம் பெயரால் ஒரு முறையே வழங்கப்படும் தொழிலின் தலைநகரமாகிய ஹாலிவுட்டில் தமக்கு இடமிருக்கும் என்று அவர் எண்ணியிருத்தல் இயல்பே. ஆனால் அங்கே ஒளிப்பதிவாளர் தொழிற்சங்கத்தில் உறுப்பினராயினார் அன்றி வேறெவரும் ஒளிப்பதிவாளர் என்னும் பெயருடன் பணிபுரிய இயலாது. அச்சங்கம் இவரை உறுப்பினராக ஏற்கவில்லை.

கை வேலைசெய்ய வல்லது. பெயர் மட்டும் வெளிவரலாகாது. இதன் விளைவு யாதெனில், பெர்லினில் உடனிருந்த பழைய நண்பர்கள் சிறுமுதற் படங்களுக்கு இவரை அழைத்து ஒளிப்பதிவு செய்வித்தனர். ஒளிப்பதிவாளர் என்று திரையில் வேறொருவர் பெயர் விழுந்தது. 1944-ம் வருஷத்தில் எட்கர் உல்மர் எடுத்த ‘புளூபேர்ட்’ என்னும் படத்தில் இவர் பெயர் காட்சி அமைப்பாளர் என்று காணப்படும். ஒளிப்பதிவாளர் என்னுமிடத்தில் மற்றொருவர் பெயர் நிற்கும். ஆயினும் அப்படத்தின் நிழலும் ஒளியும் யாருடைய கைவேலை என்பதைத் தொழிலறிந்தார் அறிவர். பெர்லினில் இவரிடம் உதவியாளராயிருந்த ஜின்னமன் 1953-ம் வருஷத்துப் படத்திற்காகச் சிறந்த டைரக்டர் என்னும் ஆஸ்கார் விருது பெற்றார். கற்பித்தவரோ பெயரின்றி வேலைசெய்த வருஷங்களைக் கழித்து, வேலை தேடி மறுபடியும் ஐரோப்பாவுக்கும் அமெரிக்காவுக்குமாக அலைந்தார்.

ஈண்டு நடுநிலை தவறாது ஒன்று கூறல் வேண்டும். அத்தொழிற்சங்கத்தார் கொடியவர் அல்லர். சங்கமின்றி இருந்த நாளில் முதலாளிகள் தொழிலாளரை நேரங் காலமின்றி வேலைவாங்கி அற்பக் கூலி கொடுத்தனர். அதனை எதிர்த்தற்கே சங்கம் தோன்றியது. வெளியாரைத் தடையின்றிப் புகவிட்டால் உள்ளார் பிழைப்புக் கெடுமே என்னும் அச்சம் நியாயமற்றதன்று. ஆனால் தன் உறுப்பினரைக் காத்தற்குக் கட்டிய மதில், வாயிலின்றிக் கட்டப்பட்டால், தகுதியுடையானும் புறத்தே நிற்பான். கட்டினவர் நோக்கம் நல்லதே. நிற்பவன் துயரமும் மெய்யே.

இந்நிலையிலும் ஷுஃப்டான் தொழிலைக் கைவிட்டிலர். பிரான்ஸில் ஜார்ஜ் பிராஞ்சு என்னும் டைரக்டருக்காக ‘முகமில்லாக் கண்கள்’ என்னும் படத்தை ஒளிப்பதிவு செய்தார். அது 1960-ம் வருஷத்தில் வெளிவந்தது. விபத்தில் முகமழிந்த ஒரு பெண் அசைவற்ற முகமூடியணிந்து தந்தையின் வீட்டுள் உலவும் கதை அது. அதன்பின் ராபர்ட் ராசன் என்னும் அமெரிக்க டைரக்டர், 1961-ம் வருஷத்தில் வெளிவந்த ‘தி ஹஸ்ட்லர்’ என்னும் படத்திற்கு இவரை அழைத்தார். அப்படம் ஹாலிவுட்டில் அன்று, நியூயார்க் நகரத்தில் எடுக்கப்பட்டது. பால் நியூமனும் ஜாக்கி கிளீசனும் பந்தயம் வைத்து மேசைக்கோற்பந்து ஆடும் கூடத்துக் கதை. நீண்ட மேசையும், அதன்மேல் தொங்கும் விளக்கும், புகைபடர்ந்த இருளும், ஆடுவோர் முகத்துக் களைப்புமே அதன் காட்சி. மாளிகை இல்லை; மாயம் இல்லை; ஒளியும் இருளும் மட்டுமே. திரையில் ஒளிப்பதிவாளர் என்று இவர் பெயரே விழுந்தது, ஆங்கில வழக்குக்கேற்பச் சிறிது திரிந்த எழுத்துடன்.

1962-ம் வருஷம் ஏப்ரல் 9-ந் தேதி நிகழ்ந்த ஆஸ்கார் விழாவில், கறுப்பு வெள்ளைப் படங்களுள் சிறந்த ஒளிப்பதிவுக்குரிய விருது ஷுஃப்டானுக்கு அளிக்கப்பட்டது. ‘மெட்ரோபோலிஸ்’ வெளிவந்து முப்பத்தைந்து வருஷம் கடந்திருந்தது. எத்தொழிலின் வாயில் தமக்கு அடைக்கப்பட்டதோ அத்தொழிலின் தலையாய விருதை அவர் முதுமையிற் பெற்றார். 1977-ம் வருஷத்தில் நியூயார்க் நகரத்திற் காலமானார்.

அவர் கண்ணாடி முறை, பிற்காலத்தில் படச்சுருள்களை இயந்திரத்தால் இணைக்கும் முறைகளும், அதன்பின் கம்ப்யூட்டரும் வந்தமையால் பெரும்பாலும் வழக்கொழிந்தது. காமிரா அசையாதிருந்தாலன்றி அம்முறை பலியாது; புதிய முறைகளிலோ காமிரா விரும்பியவாறு சுழலும். ஆயினும் அவர் சமைத்த நகரம் அழியவில்லை. முதற் காட்சிக்குப் பின்னர்த் துண்டிக்கப்பட்டுப் பல பகுதி இழந்த ‘மெட்ரோபோலிஸ்’, 2001-ம் வருஷத்தில் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றது. காணாமற்போன பகுதிகளிற் பெரும்பாலன 2008-ம் வருஷத்தில் அர்ஜென்டினா தேசத்து போனஸ் அயர்ஸ் நகரிற் கண்டெடுக்கப்பட்டன. அவற்றைச் சேர்த்துப் புதுப்பித்த படம் 2010-ம் வருஷத்திற் காட்டப்பெற்றது. அம்மைதானத்தில் இன்றும் இளைஞர் ஓடுகின்றனர். அவர்மேல் மூன்றடி மாதிரி வானத்தைத் தொட்டு நிற்கிறது.

அன்பர்களே! பெயர் என்பது வீண் பெருமையன்று. உழைத்தவனுக்கு உரிய கூலியின் ஒரு பகுதி. தஞ்சைப் பெரிய கோயிலை எடுப்பித்த இராசராசன், அதில் ஆடற் பணிபுரிந்த நானூறு தளிச்சேரிப் பெண்டுகளின் பெயரையும் ஒவ்வொன்றாகக் கல்லில் வெட்டுவித்தான். அதனால் அவன் பெயர் குறைந்துவிடவில்லை. தன்னோடு பிறரையும் எழுதினவன் கல்வெட்டே நிறைந்த கல்வெட்டு.

நம்முடையதும் ஒரு சங்கமே. நம் பிள்ளைகளுக்குக் கல்வியும் தொழிலும் துணையும் தேடுதற்காகக் கூடினோம், அது நன்றே. ஆயினும் ஒவ்வொரு சங்கத்தாரும் ஆண்டுக்கொருமுறையேனும் தம் மதிலைச் சுற்றிவந்து வாயில் திறந்திருக்கிறதா என்று பார்த்தல் வேண்டும். நம் விழாக்களிற் பந்தலிட்டவன், விளக்கேற்றினவன், நாடகத்துக்குத் திரை வரைந்தவன் ஆகியோர் பெயர், அவர் எக்குலத்தவராயினும், நம் அறிக்கையில் ஏறுகிறதா என்றும் வினாவுதல் வேண்டும். காண்டவத் தீயிலிருந்து ஓடிவந்தவனை அருச்சுனன் வாயிலில் நிறுத்தியிருந்தால் மண்டபமே இல்லை.

அடுத்த முறை திரையில் ஒரு வியத்தகு காட்சியைக் கண்டு நம் இல்லத்துப் பிள்ளைகள் கைகொட்டும்போது, அவர்களைச் சிறிது இருத்தி, இறுதியில் ஓடும் பெயர்வரிசையைப் படிக்கச் செய்வோமாக. அவ்வரிசையில் விடுபட்டுப் போனவரும் உளர் என்பதையும் சேர்த்துச் சொல்வோமாக.